நிலைய அதிபரை நோக்கி நீட்டிய விரல்

ஆனைமுகப் பெருமானே, எல்லா வழிகளின் தொடக்கத்திலும் வீற்றிருப்பவன் நீ. அடியேனோ ஒரு வழியின் முடிவில், தண்டவாளம் தீர்ந்துபோகும் இடத்தில், வாழ்நாளின் பெரும்பகுதியைக் கழித்தவன். தடைகளை நீக்குவது உன் திருத்தொழில். ஆயினும் எங்கள் நிலையத்தின் கோடியில் தண்டவாளத்துக்குக் குறுக்கே நின்ற அந்த இரும்புத் தடையை மட்டும் நீ நீக்காமல் விட்டாய். அதற்காக இன்றும் நன்றி சொல்லுகிறேன். நீக்கியிருந்தால் வண்டி நேரே ஒருவரின் முள்ளங்கித் தோட்டத்துக்குள் போயிருக்கும். அதுபோலவே இக்கட்டுரையிலும் நிறுத்த வேண்டிய இடத்தில் என்னை நிறுத்தி அருள்வாயாக.

இன்று கார்த்திகை விளக்கீடு. ரொறன்ரோவின் மல்வேர்ன் பகுதியில், வரிசை வீடுகளில் ஒன்றான எங்கள் வீட்டு வாசற்படியில் என் மனைவி பவளம் சுட்டி விளக்குகளுக்குத் திரி போட்டுக்கொண்டிருக்கிறாள். வெளியே பனி தூறுகிறது. காற்றுக்கு அணையாதிருக்க ஒவ்வொரு சுட்டியையும் ஒரு ஜாம் போத்தலுக்குள் இறக்கி வைத்திருக்கிறாள். விளக்கைப் பற்றியும் அதைக் காணும் கண்ணைப் பற்றியும் எழுதுவதற்கு இதைவிட நல்ல நாள் வாய்க்காது.

எழுதச் சொன்னவன் குகன். ஸ்காபரோவில் பேருந்து ஓட்டும் நம் பிள்ளைகள் சிலர் சேர்ந்து ஆண்டுதோறும் ஒரு மலர் வெளியிடுகிறார்கள். அதற்கு அவன் ஆசிரியர். நான் கோயிலுக்குப் போவதும் வருவதும் அவனுடைய பேருந்தில்தான். ஒரு நாள் நான் இறங்கியதும் கண்ணாடியைத் திறந்து கேட்டான்.

"ஐயா, கோவியாதேங்கோ. ஒவ்வொரு நாளும் இறங்கின பிறகு திரும்பி நிண்டு என்ர கதவுக்கு விரலை நீட்டுறியள். முதல்ல நான், மனுசன் கொம்பிளெயின்ற் பண்ணப்போகுதாக்கும் எண்டு பயந்துபோனன்."

"கதவு பூட்டுப்பட்டிட்டுது, சரி எண்டு சொல்லுறனான், தம்பி."

"ஆருக்குச் சொல்லுறியள்?"

"கதவுக்கு."

அவன் சிறிது நேரம் கதவைப் பார்த்தான். பிறகு, "அப்ப உதைக் கட்டாயம் மலருக்கு எழுதித் தாங்கோ" என்றான். இதை அவன் பலமுறை சொல்ல வேண்டியிருந்தது. இக்காலப் பிள்ளைகளுக்குக் குரல் மிகவும் மெலிவு. பேருந்தின் இரைச்சல்கூட இந்த நாட்டில் மெலிவாகவே இருக்கிறது. குளிரினால் இருக்கலாம். கோயிலில் புதிதாகக் கட்டிய மணியும் அப்படித்தான். அதன் ஒலி போதாது என்று நிர்வாகத்தாரிடம் முறையிட்டிருக்கிறேன். அது நிற்க.

நான் யப்பானில் புகையிரத நிலைய உதவியாளனாக வேலை செய்தவன். யாழ்ப்பாணத்தவனுக்கு அந்த வேலை எப்படிக் கிடைத்தது என்று கேட்பவர்களுக்குச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். வடபகுதிப் பாதையில் ஒரு சிறு நிலையத்தில் வேலை பார்த்தேன். சமிக்ஞைப் பயிற்சிக்காகச் சில மாதங்கள் யப்பானுக்கு அனுப்பினார்கள். பயிற்சி முடிந்து திரும்ப நினைத்தபோது ஊரில் யுத்தம் முற்றிவிட்டது. என் நிலையத்துக்குப் போகும் தண்டவாளத்தையே கழற்றிவிட்டார்கள். யப்பானின் மலைப்பகுதியில் தனியார் நடத்திய ஒரு சிறு பாதைக்கு ஆள் தட்டுப்பாடு. அவ்வூர் இளைஞர்கள் எல்லோரும் நகரத்துக்குப் போய்விட்டிருந்தார்கள். முதலில் தண்டவாளத்திடையே புல் பிடுங்கினேன். மொழி வந்தபின் மேடைக்கு ஏற்றினார்கள். பவளம் இரண்டு ஆண்டுகள் கழித்து வந்து சேர்ந்தாள். பயிற்சிக் காலம் இவ்வளவே. இதில் சொல்வதற்கு ஏதுமில்லை, புல்லைத் தவிர.

என்னை அனுப்பிய நிலையம் அந்தப் பாதையின் கடைசி நிலையம். நம் கோயில்களில் தேர் ஓடி முடிந்து வந்து நிற்கும் தேர்முட்டியை நினைத்துக்கொள்ளுங்கள், அவ்வளவுதான் இடம். ஒரு மேடை, ஒரு பாதை, பனி தள்ளும் வண்டி நிற்பதற்கு ஒரு கிளைப் பாதை, மரத்தாலான அறை ஒன்று, அதற்குள் ஒரு மண்ணெண்ணெய் அடுப்பு. வருவது ஒற்றைப் பெட்டி டீசல் வண்டி. வந்த வண்டி திரும்பாது. ஓட்டுநர் தன் கைப்பிடியைக் கழற்றிக்கொண்டு மேடையால் நடந்து மறுமுனைக்குப் போய் அமர்ந்தால் பின்பக்கம் முன்பக்கமாகிவிடும். பவளத்துக்கு இது பெரிய அதிசயம். "கோச்சிக்கு முதுகே இல்லை" என்பாள்; வண்டிக்கு எங்கள் ஊர்ப் பெயர் கோச்சி. அந்த நாட்டில் சில சிறு நிலையங்களில் பூனைக்கு அதிபர் தொப்பி அணிவித்து, அதைப் பார்ப்பதற்காகவே கூட்டம் வருவதுண்டு. எங்கள் நிலையத்துக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. எங்களுக்கு வாய்த்தவர் ஒகாவா.

நிலைய அதிபர் ஒகாவா மெலிந்த மனிதர். தொப்பியின் விளிம்பு எப்போதும் புருவத்துக்கு நேர்கோடாக இருக்கும். கையுறை வெண்மையாக இருக்கும். அழுக்கானதை நான் கண்டதில்லை, அவர் மாற்றுவதையும் கண்டதில்லை. சிரிக்கமாட்டார். சிரிக்காமலே எங்களைக் கேலி செய்வார். அவர் பேசியது யப்பானிய மொழி. ஆயினும் என் நினைவில் அவர் யாழ்ப்பாணத் தமிழிலேயே பேசுகிறார். அப்படியே எழுதுகிறேன், எனக்கு வேறு பேச்சு வராது.

வண்டி புறப்படும்போதெல்லாம் மேடையின் ஓரத்தில் நின்று, அது வளைவில் மறையும்வரை தலை வணங்கி நிற்பார். பயணி ஒருவரும் இல்லாத வண்டிக்கும் அதே வணக்கம். ஒருமுறை கேட்டேன்.

"வெறும் வண்டிக்கு ஏன் கும்பிடுறியள்?"

"வெறும் வண்டி எண்டு ஆர் சொன்னது? ஓட்டுநர் இருக்கிறார்."

"அவருக்கு முதுகுதானே தெரியும். நீங்கள் கும்பிட்டது அவருக்குத் தெரியாதே."

"உம்மட கடவுள் உமக்கு முகத்தைக் காட்டிக்கொண்டோ நிக்கிறவர்?"

நான் துடைப்பத்தை எடுத்துக்கொண்டு மேடையைக் கூட்டப் போனேன்.

இனி, குகன் கேட்ட விரலுக்கு வருகிறேன். அந்த நாட்டுப் புகையிரத ஊழியர் எவரும் ஒன்றைக் கண்ணால் மட்டும் பார்ப்பதில்லை. பார்க்க வேண்டிய பொருளை நோக்கிக் கையை முழுதாக நீட்டி, சுட்டுவிரலால் காட்டி, அதன் பெயரையும் நிலையையும் உரக்கச் சொல்ல வேண்டும். கதவு, மூடியது, சரி. மேடையோரம், ஆளில்லை, சரி. புறப்பாட்டு விளக்கு, பச்சை, சரி. கண் தவறவிடுவதை விரல் பிடித்துவிடும். விரல் தவறவிடுவதைத் தன் குரலைக் கேட்கும் காது பிடித்துவிடும். இருவர் பணியில் இருந்தால் ஒருவர் சொன்னதை மற்றவரும் அதே பொருளைச் சுட்டி, கண்டு, அப்படியே திருப்பிச் சொல்ல வேண்டும். திருப்பிச் சொல்லும்வரை வண்டி புறப்படக் கூடாது. இதில் பெரியவர் சிறியவர் என்ற பேதம் இல்லை. அதிபர் சொன்னால் நான் திருப்புவேன். நான் சொன்னால் அதிபர் திருப்புவார். அபிடேகத்துக்கு எடுத்து வைத்த பொருள்களை ஐயர் ஒவ்வொன்றாகத் தொட்டுப் பார்ப்பது போன்றது என்று எனக்குள் சொல்லிக்கொண்டேன். உரக்கச் சொல்லக் கூச்சம் விட ஓராண்டு எடுத்தது. விட்டபின் வீட்டிலும் நிற்கவில்லை. அடுப்பு, அணைந்தது, சரி. சாவி, பையில், சரி. பவளம் முதலில் பயந்தாள், பிறகு சிரித்தாள், பிறகு காதைப் பொத்திக்கொண்டாள்.

காலையில் பனி கூட்டும்போது பதிகம் பாடுவது என் வழக்கம். சிறு வயதிலே மனனமானவை. பண்ணோடு பாடினால் துடைப்பத்துக்குத் தாளம் கிடைக்கும். ஒரு நாள் ஒகாவா பக்கத்தில் வந்து நின்றார்.

"விடிய விடிய ஆரைக் கூப்பிடுறீர்?"

"எங்கட சிவபெருமானை."

"மறுமொழி வாறதோ?"

"இன்னும் நேர வரேல்லை."

"மறுமொழி வரேல்லையெண்டால் உம்மட வண்டி இன்னும் வெளிக்கிடேல்லை. வேகமாக் கூட்டும்" என்று சொல்லிவிட்டு அறைக்குள் போனார். எத்தனையோ பிரசங்கங்கள் கேட்டிருக்கிறேன். பக்தியை இவ்வளவு சுருக்கமாகக் கேலி செய்தவரும் இல்லை, விளக்கியவரும் இல்லை.

அந்தக் குளிர்காலத்துக்கு முன்பே சில அடையாளங்கள் இருந்தன. ஊர்ப் பெண்கள் மேடைக்குப் பூச்சாடிகள் வைத்திருந்தார்கள். அவற்றில் ஒன்றில் பிளாஸ்ரிக் செவ்வந்தி. அதற்கு அதிபர் தினமும் தண்ணீர் விட்டார். மரியாதைக்காக விடுகிறார் என்று நினைத்தேன். வெறும் வண்டிக்கு வணங்குபவர் அல்லவா? வானம் துலக்கமாக இருந்த நாளில், "இந்த வருசம் மலையில மூடுபனி கூட" என்றார். ஓம் என்று ஆமோதித்தேன். அதிபர் மூடுபனி என்றால் எங்கள் நிலையத்தில் அது மூடுபனிதான்.

புறப்பாட்டு விளக்கு மேடையின் கோடிக்கு அப்பால், கிளைப் பாதை பிரியும் இடத்தில் நின்றது. அந்த ஆண்டு நிறுவனம் பழைய விளக்குகளை எடுத்துவிட்டுப் புதியவற்றைப் போட்டது. புதியவை நன்றாக ஒளி விட்டன, மின்சாரமும் குறைவு. ஆனால் பழையவை சூடாகித் தம் முகத்தில் விழும் பனியைத் தாமே உருக்கிவிடும். புதியவற்றுக்குச் சூடு இல்லை. மலைநாட்டில் பனி மேலிருந்து விழுவதில்லை, பக்கத்திலிருந்து வந்து அப்பும். இதை நகரத்திலிருந்து விளக்கு வாங்கியவர்கள் நினைத்திருக்கமாட்டார்கள்.

அன்று காலை முழுதும் அப்படித்தான் அப்பியது. முற்பகல் வண்டியில் சந்தைக்குப் போகும் கிழவிகள் சிலர் ஏறியிருந்தார்கள். அதிபர் அறைக்குள் விளக்குக்கான பொத்தானை அழுத்திவிட்டு மேடைக்கு வந்தார். நான் கதவைச் சுட்டினேன், அவர் திருப்பினார். மேடையோரம் சுட்டினேன், திருப்பினார். பிறகு அவர் கையை நீட்டினார். கை அம்புபோல நேராக இருந்தது.

"புறப்பாட்டு விளக்கு, பச்சை!"

வண்டியின் முன்யன்னலில் ஓட்டுநர் கென்ஜி, வேலைக்கு வந்து அதிக காலம் ஆகாதவன், தானும் விரலை நீட்டினான். "புறப்பாட்டு விளக்கு, பச்சை!"

என் முறை வந்தது. விரலை நீட்டினேன். அந்தக் கம்பத்தில் விளக்கே இல்லை. ஒரு வெண்ணிறப் பனிக்கட்டி மட்டும் இருந்தது. பச்சையும் இல்லை, சிவப்பும் இல்லை. விளக்குத் தெரியாவிட்டால் அதைச் சிவப்பென்றே கொள்ள வேண்டும் என்பது விதி. வண்டி அசையத் தொடங்கியது. நான் சிவப்புக் கொடியை விரித்துக்கொண்டு மேடையோரமாக ஓடினேன். என்ன சொல்லிக் கத்தினேன் என்று நினைவில்லை. தமிழ் என்று கென்ஜி பிறகு சொன்னான்.

வண்டி நின்றது. நீளத் தடியில் துடைப்பத்தைக் கட்டி விளக்கின் முகத்திலிருந்த பனியைத் தட்டினேன். உள்ளே இருந்தது சிவப்பு. கிளைப் பாதை பிரியுமிடத்தில் தண்டவாளங்களுக்கிடையே பனி இறுகி, அவை முழுதாகப் பொருந்தாமல் நின்றன. அதை அறிந்துதான் விளக்கு மாற மறுத்திருக்கிறது. அதன்மேல் வண்டி ஏறியிருந்தால் சரிவில் ஆற்றங்கரைக்கு இறங்கியிருக்கும், கிழவிகளோடு.

வெந்நீர் ஊற்றிப் பனியை உடைத்தோம். விளக்கு பச்சையானது. வண்டி தாமதமாகப் போனது. கென்ஜி போவதற்கு முன் யன்னலால் தலையை நீட்டி, "எனக்கும் தெரியேல்லைத்தான். ஆனால் அவர் பச்சை எண்டால் பச்சையாத்தானே இருக்கும் எண்டு…" என்று மெல்லச் சொன்னான். நாங்கள் எல்லோரும் ஒருவருடைய கண்ணால் பார்த்துக்கொண்டிருந்தோம். அந்தக் கண்ணோ பார்ப்பதை விட்டு எத்தனை காலமோ.

ஒகாவா வணங்கி நிமிர்ந்தார். "பனியில வெளிச்சம் கண்ணைக் கூசுது" என்றார். சூரியன் அன்று வெளிவரவேயில்லை. அவர் அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினார். கைப்பிடியை அவர் கண்ணால் அல்ல, தடவித்தான் கண்டார் என்பதை அப்போதுதான் கவனித்தேன்.

மதியச் சாப்பாட்டோடு பவளம் வந்தாள். அறைக்குப் பின்னாலிருந்த பொதிக் கொட்டகையில் இருவரும் அமர்ந்தோம். நடந்ததைச் சொன்னேன். அவள் ஆச்சரியப்படவில்லை.

"முந்தநாள் நான் சிவப்புச் சேலையோட வர, தபால் வண்டியின்ர சிவப்பெண்டு நினைச்சோ என்னவோ, உவர் தொப்பியைத் தூக்கி, தபால்காரரே, இண்டைக்கு எங்களுக்குப் பொதி ஒண்டும் இல்லையோ எண்டு கேட்டவர்."

"ஏன் எனக்குச் சொல்லேல்லை?"

"நான் தபால்காரர் மாதிரி இருக்கிறன் எண்டு உங்களிட்டச் சொல்லி, நீங்கள் அதையும் ஓம் எண்டு சொல்லவோ?"

சிரிக்கும் நிலையில் நான் இல்லை. தலைமை அலுவலகம் எங்கள் நிலையத்தை ஆளில்லா நிலையமாக்க நெடுநாளாகக் காத்திருந்தது. அதிபருக்குக் கண் பழுது என்று தெரிந்தால் அவரை அனுப்பிவிட்டு நிலையத்தையும் பூட்டிவிடுவார்கள். அவருக்கு மனைவி பிள்ளை இல்லை, நிலையம்தான் எல்லாம். எனக்கோ அந்த வேலை போனால் அந்த நாட்டில் இருக்கும் அனுமதியே போய்விடும். மகள் அப்போது பள்ளிக்கூடம் தொடங்கியிருந்தாள். திரும்பிப் போக ஊரில் தண்டவாளம் இல்லை. சொல்லாமல் விட்டால் அடுத்த வண்டிக்கு என்ன ஆகுமோ. அது பின்னேரத்துக்குள் வந்துவிடும்.

"போய்ச் சொல்லுங்கோவன்" என்றாள் பவளம்.

"மாஸ்ரருக்குக் கண் தெரியேல்லை எண்டு நான் எப்பிடிப் போய்ச் சொல்லுறது? இந்த நாட்டில பெரியவருக்கு நேர உப்பிடிச் சொல்ல ஒரு சொல்லே இல்லை."

"தலைமை ஒஃபிசுக்குப் போன் அடிச்சுச் சொல்லுங்கோ."

"அது முதுகில குத்துற வேலை."

அவள் சோற்றுப் பெட்டியை மூடினாள். "அடுப்புக்கு விரலை நீட்டிக் கத்துறியள். சாவிக்குக் கத்துறியள். போன கிழமை என்ர சாம்பாருக்கும் கத்தினீங்கள், உப்பு இல்லை எண்டு. மனுசன்ர கண்ணுக்கு மட்டும் கத்த ஏலாதோ?"

எழுந்து போய்விட்டாள். கண் கேட்டு இறைவனோடு வழக்காடிய அடியார்களின் பாட்டுகளை மனனம் செய்தவன் நான். அவர்கள் இறைவனுக்கு நேரே நின்றுதான் வழக்காடினார்கள், அண்டை வீட்டாரிடம் போய் முறையிடவில்லை.

பின்னேர வண்டி வந்தது. பனி விட்டிருந்தது. கென்ஜியே ஓட்டி வந்திருந்தான். கைப்பிடியோடு நடந்து மறுமுனைக்குப் போனான். ஏறியவர்கள் இருவர், சுடுநீர்ச் சுனைக்கு வந்து திரும்பும் தம்பதிகள். அதிபர் மேடைக்கு வந்தார். தொப்பி நேராக இருந்தது.

கதவு, மூடியது, சரி. அவர் திருப்பினார். மேடையோரம், ஆளில்லை, சரி. அவர் திருப்பினார். விளக்கைச் சுட்ட அவர் கையை உயர்த்தும் முன் நான் அவர் பக்கம் திரும்பினேன். கையை முழுதாக நீட்டினேன். என் விரல் அவருடைய மூக்குக்கண்ணாடிக்கு ஒரு சாண் முன்னால் நின்றது. ஒருவரை நோக்கி விரல் நீட்டுவது அந்த நாட்டில் அறைவதற்குச் சமம்.

"நிலைய அதிபரின் கண்!" மேடை முழுதும் கேட்கச் சொன்னேன். "கோளாறு!"

கென்ஜி யன்னலால் தலையை வெளியே நீட்டி, உள்ளே எடுக்க மறந்துவிட்டான். சுனைக்கு வந்த பெண்மணி கணவனின் கையைப் பிடித்துக்கொண்டார். ஒகாவா அசையவில்லை. என் விரலை அவர் கண்டாரா என்றுகூட எனக்குத் தெரியவில்லை. குரலைக் கேட்டிருந்தார்.

விதி ஒன்றுதான். சொன்னதைத் திருப்பிச் சொல்ல வேண்டும், அல்லது மறுக்க வேண்டும். மறுப்பது அவருக்கு எளிது. கண் சரி என்று ஒரு சொல் போதும், நான் மறுநாள் அந்த ஊரில் இருக்கமாட்டேன். ஆனால் கண்டால்தான் சரி சொல்லலாம். காணாமல் சரி சொல்லக் கூடாது என்று எனக்குப் பழக்கியவர் அவர். வண்டியின் இயந்திரம் உறுமிக்கொண்டே நின்றது. புறப்படும் நேரம் கடந்துவிட்டது. நீட்டிய கையை நான் இறக்கவில்லை.

அவர் மெல்லத் திரும்பினார். அறையின் வாசலில் ஆளுயரக் கண்ணாடி ஒன்று உண்டு. பணிக்கு வருமுன் தொப்பியையும் பொத்தானையும் சரிபார்ப்பதற்கு. அங்கே நடந்து போய் அதன் முன் நின்றார். தன் உருவம் அவருக்கு எவ்வளவு தெரிந்ததோ, அறியேன். வெண்கையுறை விரலை அதை நோக்கி நேராக நீட்டினார்.

"நிலைய அதிபரின் கண்," என்றார். இடையில் ஒரு மூச்சு. "கோளாறு."

பிறகு எல்லாம் முறைப்படி நடந்தது. தானே தலைமை அலுவலகத்துக்குத் தொலைபேசியில் பேசினார். கண்ணில் கோளாறு, உதவியாளர் கண்டுபிடித்தார், அதிபர் பணியிலிருந்து விலகுகிறார், உதவியாளர் தேர்வு எழுதித் தேறியவர், மாற்று ஆள் வரும்வரை அவர் வண்டியை அனுப்பலாம். அடுத்த முனையில் சம்மதம் வந்ததும் கொடியை இரு கைகளாலும் எனக்குத் தந்தார். வெளியே வந்து, பயணிபோல என்னிடம் ரிக்கற் கேட்டு வாங்கி, அதே வண்டியில் ஏறினார். நகரத்துக் கண் ஆஸ்பத்திரிக்கு.

விளக்கைச் சுட்டினேன். "புறப்பாட்டு விளக்கு, பச்சை, சரி!" திருப்பிச் சொல்ல எனக்கருகில் எவரும் இல்லை. வண்டிக்குள்ளிருந்து, மூடிய கண்ணாடியின் பின்னாலிருந்து, ஒகாவாவின் வாய் அசைவது தெரிந்தது. யன்னலைக் கீழிறக்கினார்.

"நான் காணேல்லை. அதால திருப்ப ஏலாது. கென்ஜியைக் கேளும்" என்றார். கென்ஜி விளக்கை உற்றுப் பார்த்து, இம்முறை தன் கண்ணால் பார்த்து, திருப்பிச் சொன்னான். வண்டி அசைந்தபோது அதிபர் மறுபடியும் பேசினார்.

"இண்டைக்கு உமக்கு மறுமொழி வந்திட்டுது. கவனமாக் கூட்டும்."

வளைவில் மறையும்வரை தலை வணங்கி நின்றேன். அவருக்கு அது தெரிந்திராது.

அது கண்புரை. எங்கள் ஊர்ப் பேச்சில் வெள்ளை படர்தல். ஒரு கண்ணும் பிறகு மறு கண்ணும் சத்திரசிகிச்சை. தலைமை அலுவலகம் நிலையத்தைப் பூட்டலாம் என்று உண்மையிலேயே எண்ணியது. ஆனால் புதிய விளக்கில் பனி அப்பும் செய்தி எங்களிடமிருந்துதான் அவர்களுக்கு முதலில் போயிற்று. ஆள் இல்லாத நிலையத்தில் அதைக் கண்டுபிடிப்பவர் யார் என்று மேலே எவரோ கேட்டாராம். பூட்டும் பேச்சு நின்றது. மாறாக எல்லா விளக்குகளுக்கும் பனிமறைப்பு வந்தது.

இளவேனிலில், செரிப்பூ உதிரும் காலத்தில் ஒகாவா திரும்பி வந்தார். வண்டியால் இறங்கி மேடையில் நின்று, சுற்றிலும் பார்த்தார். வெகுநேரம் பார்த்தார். பிறகு விரலை நீட்டத் தொடங்கினார்.

"மணிக்கூட்டுக் கண்ணாடி, அழுக்கு! கூரை மூலை, சிலந்தி வலை! உம்மட கொலர்…" விரல் என்னை நோக்கி நின்றது. "பவளம் அம்மாவுக்குத் தெரியுமோ நீர் உப்பிடித் திரியிறது?" நான் எல்லாவற்றையும் முறைப்படி திருப்பிச் சொன்னேன், கொலர் உட்பட. பூச்சாடி அருகே நின்றார். பிளாஸ்ரிக் செவ்வந்தியைத் தொட்டார்.

"இதுக்கு நான் எவ்வளவு காலம் தண்ணி விட்டன்?"

"நீங்கள் விட்டபடியாத்தான் இவ்வளவு காலமும் வாடாமல் நிண்டது."

அவர் சிரித்தாரோ என்று எனக்கு ஐயம். என்னை மறுபடி பார்த்தார். "உமக்குத் தலை நரைச்சிட்டுது. எப்ப?" என்றார். அந்தக் கேள்வியில் கேலி இல்லை. அன்று மாலை அடுப்பருகே ஒன்று சொன்னார். தான் பொய் சொல்லவில்லை என்றார். ஒவ்வொரு நாளும் அதே இடத்தில் அதே பச்சை இருந்தது. அதைச் சொல்லிச் சொல்லி, காணாமலே சொல்லத் தொடங்கியது எந்த நாளில் என்பது தனக்கே தெரியாது, கோளாறு உள்ளவனுக்குக் கோளாறு கடைசியாகத்தான் தெரிய வரும் என்றார்.

பின்னும் சில ஆண்டுகள் இருவரும் வண்டி அனுப்பினோம். அவர் ஓய்வு பெற்றார், நானும் பெற்றேன், மகள் ரொறன்ரோவுக்கு வந்தபின் நாங்களும் வந்து சேர்ந்தோம். இந்தத் தொழிலைப் பற்றி நான் சொல்லக்கூடியது இவ்வளவே என்று எழுதி, இங்கே முற்றுப்புள்ளி வைத்திருந்தேன்.

வைத்த புள்ளியை அழிக்க வேண்டியதாயிற்று. இந்தப் பக்கங்களை வாங்கிப் போகக் குகன் வந்தான். வாசல் மணியை அடித்தானாம். பிறகு கதவைத் தட்டினானாம். பிறகு என் கைத்தொலைபேசிக்கு எடுத்தானாம். அது என் மேசையிலேயே கிடந்து அடித்ததாம். எனக்கு ஒன்றும் தெரியாது. பின்முற்றத்தில் விளக்கு வைத்துக்கொண்டிருந்த பவளம்தான் கேட்டு, வீட்டைச் சுற்றி ஓடிவந்து கதவைத் திறந்திருக்கிறாள். நான் நிமிர்ந்தபோது இருவரும் அறை வாசலில் நின்றார்கள்.

"என்ன தம்பி, மணியை அடிக்கிறேல்லையோ?" என்றேன்.

குகன் பவளத்தைப் பார்த்தான். பவளம் என்னைப் பார்த்தாள். பிறகு, எண்ணெய் வடியும் விரலை என் காதுக்கு நேரே நீட்டினாள். கை முழுதாக நீண்டிருந்தது. ஒகாவா கண்டிருந்தால் மெச்சியிருப்பார்.

"இவற்ற காது!" என்றாள், தெரு முழுதும் கேட்கும்படி. எனக்கே கேட்டது. "கோளாறு!"

"அன்ரி, எனக்கு ஷிஃப்ற்றுக்கு நேரமாகுது" என்றான் குகன்.

"மறுமொழி வராமல் கோச்சி வெளிக்கிடாது, தம்பி. பொறும்."

குளிரினால் என்று சொல்லலாம் என்று நினைத்தேன். இந்த நாட்டில் எல்லோருக்கும் குரல் மெலிவு என்றும் சொல்லலாம். சூரியன் இல்லாத நாளில் வெளிச்சம் கூசியது என்று சொன்னவர் நினைவுக்கு வந்தார். எழுந்து போனேன். எங்கள் வாசலில், குளிர்ச்சட்டைகள் தொங்கும் இடத்துக்குப் பக்கத்தில் ஒரு கண்ணாடி உண்டு. அதன்முன் நின்று விரலை நீட்டினேன்.

"காது, கோளாறு."

குகன் கைதட்டினான் என்று பவளம் சொல்லுகிறாள். அடுத்த வாரம் மில்லிக்கனில் காது பார்ப்பவரிடம் போகிறோம், குகனின் பேருந்தில்தான். கோயில் மணியைப் பற்றி நான் செய்த முறைப்பாட்டை இதன்மூலம் மீளப் பெறுகிறேன், நிர்வாகத்தார் பொறுத்தருள்க. குகன் சப்பாத்தைக் கழற்றாமல் வாசலில் நிற்க, இந்தக் கடைசிப் பக்கத்தை நின்றபடியே எழுதுகிறேன். வெளியே ஜாம் போத்தல்களுக்குள் சுட்டிகள் எரிகின்றன. விளக்கு, எரிகிறது, சரி.

இதை வாசிக்கும் எல்லோருக்கும், பின்னிரவிலும் பனியிலும் பேருந்து ஓட்டும் எங்கள் பிள்ளைகளுக்கும், எம்பெருமான் தெளிந்த கண்ணும் திறந்த காதும் தந்தருள்க. அவற்றில் கோளாறு வருமாயின், அதை நேரே நின்று விரல் நீட்டிச் சொல்ல ஒருவரை உங்கள் அருகில் வைத்தருள்க. அவர் சொல்லும்போது திருப்பிச் சொல்லும் மனத்தையும் சேர்த்தே தந்தருள்க. நீங்கள் கூப்பிடும் பெயருக்கு மறுமொழி வருவதாக.